கலங்கரை விளக்கம் கட்டியவர்

நவம்பர் 4, சனி

இன்று காலை ஏழு நாற்பதுக்கு, நீண்ட ஆலோசனைக்குப் பிறகு, மீசையை எடுத்துவிடுவது என்று தீர்மானித்தேன். ஏழு ஐம்பத்தைந்துக்குத் தீர்மானம் நிறைவேறியது. முப்பத்தெட்டு வருடம் என்னோடு இருந்த மீசை. ரோஸ்லினிடம் முன்கூட்டிக் கருத்துக் கேட்கவில்லை. பின்னால் கேட்டபோது, "இப்பவாவது மூஞ்சி தெரியுதே" என்று சொல்லிவிட்டு வெங்காயம் உரிக்கப் போய்விட்டாள். முப்பத்து மூன்று வருட மனைவியின் கருத்து என்பதால் இங்கே பதிவு செய்கிறேன்.

காரணம் இது. எனக்கு அறுபத்தொன்று. கலை இயக்குநராக நாற்பத்தொரு படம் செய்திருக்கிறேன். கடைசிப் படம் முடிந்து ஆறு வருடம் ஏழு மாதம் ஆகிறது. சங்கத்தில் புது விதி கொண்டுவந்திருக்கிறார்கள்: ஏழு வருடம் படம் இல்லாத கலை இயக்குநரின் பெயரைப் பட்டியலிலிருந்து எடுத்துவிடுவார்கள், அட்டையைத் திருப்பித் தந்துவிட வேண்டும். அட்டை இல்லாதவனைச் செட்டுக்குள் ஆணி பொறுக்கக்கூட விடமாட்டார்கள். என்னுடைய ஏழு வருடம் மார்ச் 31 அன்று முடிகிறது. அதற்குள் ஒரு படத்தின் தொழில்நுட்பக் கலைஞர் பட்டியலில் என் பெயர் வந்தாக வேண்டும். முகம் இளமையாகத் தெரிந்தால் நல்லது என்றார்கள்.

உதவியாளர்களுக்கு இந்த விதி கிடையாது. அவர்கள் எப்போது வேலையில் இருந்தார்கள், எப்போது இல்லை என்பதை யாரும் குறித்து வைப்பதில்லை.

நவம்பர் 6, திங்கள்

பிரதாபன் போன் செய்தான். எட்டு வருடம் என் உதவியாளனாக இருந்தவன், இப்போது தொலைக்காட்சித் தொடர்களுக்குக் கலை இயக்குநர்.

"சார், உங்க போட்டோ மறுபடி வேணும். ஹீரோயினோட அப்பா."

"எப்பச் செத்தார்?"

"கதை ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியே சார். சந்தன மாலை. சீரியல் முடியிற வரைக்கும் தொங்கும்."

இதை விளக்கவேண்டும். படங்களில் செத்துப்போன அப்பா சுவரில் தொங்கவேண்டும். நடிகர்கள் யாரும் தங்கள் புகைப்படத்துக்கு மாலை போட ஒப்புவதில்லை. ஒப்புகிறவர்களும் ஷாட் முடிந்ததும் கேமராவைப் பார்த்து ஒருமுறை சிரித்து, தேங்காய் உடைத்து, பூசணிக்காய் சுற்றச் சொல்கிறார்கள். அதனால் எங்கள் பிரிவிலேயே யாராவது ஒருவர் இறந்துவிடுவது வழக்கம். எனக்குச் சகுனத்தில் நம்பிக்கை இல்லை என்று ஒருமுறை வாய்தவறிச் சொல்லிவிட்டதால் அந்தப் பொறுப்பு என்னிடம் வந்தது. 1999இல் எடுத்த படம், மீசையோடு. நெற்றியில் விபூதியை வெள்ளை பெயிண்டில் பிரதாபனே போட்டான். நாசரேத்து சபையில் ஞானஸ்நானம் பெற்ற நான் இதுவரை இருபத்து மூன்று சைவக் குடும்பங்களில் காலமாகியிருக்கிறேன். நான் பார்த்தே இராத பெண்கள் என் முன்னால் நின்று அழுதிருக்கிறார்கள்.

சரி என்று சொல்லிவிட்டேன். இந்த வருடத்தில் எனக்கு வந்த முதல் வேலை.

நவம்பர் 7, செவ்வாய்

ரேஷன். பாமாயில் இல்லை. கொசுவலை தைத்தேன்.

நவம்பர் 11, சனி

காலையிலிருந்து ஏழு பேர் போன் செய்தார்கள். நான் எடுத்ததும் நான்கு பேர் வைத்துவிட்டார்கள்.

பிரதாபன் செட்டில் என் படத்துக்குச் சந்தன மாலை போட்டு, அதைச் செல்போனில் எடுத்து, 'நம்ம சார் மறுபடியும்!' என்று எழுதி எங்கள் தொழில்காரர்களின் வாட்ஸ்அப் குழுவில் போட்டிருக்கிறான். அங்கிருந்து வேறு குழுக்களுக்குப் போனபோது எழுத்து உதிர்ந்துவிட்டது, படம் மட்டும் போயிருக்கிறது. முந்நூற்றுப் பன்னிரண்டு பேர் ஆழ்ந்த இரங்கல் தெரிவித்திருக்கிறார்கள். அதில் பத்துப் பதினைந்து பேர் கடந்த மூன்று வருடமாக என் போனை எடுக்காதவர்கள்.

சங்கச் செயலாளரும் கைகூப்பியிருக்கிறார்.

ரோஸ்லின் என் சட்டையைக் கையில் வைத்துக்கொண்டு, "செத்தவருக்கு அயர்ன் பண்ணணுமா, வேணாமா?" என்றாள்.

நவம்பர் 16, வியாழன்

இன்று தெரிந்துகொண்டது.

ஒரு பெரிய படம் தொடங்குகிறது. நூறு வருடத்துக்கு முந்தைய துறைமுகக் கதை. தயாரிப்பாளர் பாட்டு எடுக்கப் புடாபெஸ்ட் போனவர் அங்கிருந்து ஒரு தயாரிப்பு வடிவமைப்பாளரையே கூட்டி வந்துவிட்டார். பெயர் தோம்போவாரி இல்கா. அவர்கள் ஊரில் குடும்பப் பெயர் முன்னால் வருமாம், நம் இனிஷியல் போல. இல்காதான் பெயர். அந்த அம்மாளுக்கு யாரோ நம் பழைய படங்களைப் போட்டுக் காட்டியிருக்கிறார்கள். தொண்ணூற்று நான்கில் வந்த ஒரு படத்தின் கலங்கரை விளக்கத்தைப் பார்த்துவிட்டு, "இதைக் கட்டியவர்தான் எனக்கு உள்ளூர்க் கலை இயக்குநராக வேண்டும், வேறு யாரும் வேண்டாம்" என்று சொல்லியிருக்கிறார்.

அந்தப் படத்தின் கலை இயக்குநர் நான். அதற்கு எனக்கு விருதும் கிடைத்தது.

தயாரிப்பு மேலாளர் கஜபதி, முன்பு சிமெண்ட் வியாபாரத்தில் இருந்தவர், விசாரித்துவிட்டு, "அவரு போன வாரம்தான் தவறிட்டாரு மேடம்" என்று சொல்லிவிட்டார். ஆதாரமாகப் படத்தையும் காட்டியிருக்கிறார். பிறகு செத்தவரின் சீடன் என்று பிரதாபனைக் கூப்பிட்டு வேலையில் சேர்த்துக்கொண்டார்கள்.

இதையெல்லாம் பிரதாபனே வந்து சொன்னான். உட்காரவில்லை.

"சார், ரெண்டு நாள் பொறுங்க சார். நானே பக்குவமா சொல்லிடறேன். இப்பப் போய் நீங்க உயிரோட நின்னீங்கன்னா, என் வெளயாட்டாலதான் இவ்ளோவும்னு தெரிஞ்சிரும். ரெண்டு பேருக்கும் இல்லாம போயிரும்."

"செத்தது நானா நீயாடா?"

"அது... நீங்கதான் சார்."

நவம்பர் 24, வெள்ளி

ரெண்டு நாள் என்பது எட்டு நாளானது. நானே சாலிகிராமத்தில் உள்ள அலுவலகத்துக்குப் போனேன். கையில் சங்க அட்டை: எண் 388, ஞா. சிகாமணி. என்ன சொல்வது என்று பேருந்தில் மூன்று முறை சொல்லிப் பார்த்துக்கொண்டேன்.

மீசை இல்லாததால் கஜபதிக்கு அடையாளம் தெரியவில்லை. "யாரு பெரியவரே?" என்றார். லைட்ஹவுஸ் விஷயமாக என்றேன். நேரே உள்ளே அனுப்பிவிட்டார்.

இல்காவுக்கு ஐம்பத்தைந்து வயது இருக்கும். குட்டை முடி, விரலெல்லாம் பென்சில் கரி. மேசையில் என் கலங்கரை விளக்கத்தின் பதினான்கு பெரிய படங்கள். நான் வாயைத் திறப்பதற்குள் ஒரு படத்தை என் பக்கம் திருப்பினார். இருவரும் ஆங்கிலத்தில் பேசினோம். இருவருக்குமே அது சொந்தமில்லை என்பதால் நன்றாகப் புரிந்தது.

"நாற்பதடிக்கு மேல் இருக்காது இது. ஆனால் நூற்றிருபதடியாகத் தெரிகிறது. கீழ் வரிசைச் செங்கல்லைவிட மேல் வரிசைச் செங்கல் சிறிது. அதற்கு மேலே இன்னும் சிறிது. முப்பத்தொரு வரிசை, வரிசைக்கு ஓர் அச்சு என்று எண்ணினேன். எந்தக் கணக்கில் சிறிதாக்கினார்? சீராகக் குறையவில்லை. நான் மூன்று நாள் போட்டுப் பார்த்தேன், வரவில்லை."

கலங்கரை விளக்கம் என் யோசனை. அதாவது, கதையில் கலங்கரை விளக்கம் வருகிறது என்று இயக்குநர் சொன்னபோது நான் ஒப்புக்கொண்டேன். அந்த மாதங்களில் ஊட்டியில் இன்னொரு படமும் இருந்தது. கணக்கெல்லாம் உதவியாளர் வேலை.

"நீங்கள் அவரோடு வேலை செய்தவரா?" என்று கேட்டார்.

ஆமாம் என்றேன்.

"பெயர்?"

அருளானந்தம் என்றேன்.

ஏன் அந்தப் பெயர் வந்தது என்று தெரியவில்லை. அருளானந்தம் என்று எனக்கு ஓர் உதவியாளன் இருந்தான். கேட்டதும் நாக்கில் முதலில் வந்த பெயர், அவ்வளவுதான்.

"அப்படியானால் கணக்கு உங்களுக்குத் தெரிந்திருக்கும்."

தெரியும் என்று சொன்னேன். அது பொய்யில்லை, பார்த்திருக்கிறேன். கோவளம் தாண்டி, கடற்கரை ரோட்டில் நடு மத்தியானம் சம்மணம் போட்டு உட்கார்ந்து, ஒரு மூங்கில் குச்சியைக் கண்ணுக்கு நேரே நீட்டி, வரிசையாக நிற்கும் விளக்குக் கம்பங்களை ஒவ்வொன்றாக அளந்து பென்சிலால் கோடு போடுவது. கிட்டத்துக் கம்பம் பெரிய கோடு, அடுத்தது சின்னது, அதற்கடுத்தது இன்னும் சின்னது. அந்தக் கோடுகள்தான் செங்கல் வரிசை. கண் எப்படிச் சிறிதாக்குகிறதோ அப்படியே.

"ரோட்டில் உட்கார்ந்து குச்சியில் குறித்தேன்" என்றேன். "வேலை நேரத்தில் கம்பம் எண்ணுகிறாயா என்று அவர் திட்டினார்."

இல்கா எனக்கு ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டார்.

வேலை கிடைத்துவிட்டது. என் பெயரில் இல்லை.

டிசம்பர் 13, புதன்

இந்தப் படத்துக்கும் அதே கலங்கரை விளக்கம். செங்கல் அச்சு வேலை. முப்பத்தொன்றில் பதினேழு முடிந்தது. ஆறு வருடத்துக்குப் பிறகு பிளாஸ்டர் தூசி. இருமல்.

பழைய தச்சர் ஜெகதலன் வந்திருக்கிறார். அவருக்கு மீசை ஒரு பொருட்டில்லை, பார்த்ததும் தெரிந்துகொண்டார். பிரதாபன் அவரைத் தனியே கூட்டிப்போய்ப் பேசினான். திரும்பி வந்தவர் எல்லோருக்கும் கேட்கும்படி, "வாங்க அருளு, வாங்க! எவ்ளோ வருசமாச்சு உங்களப் பாத்து! அப்ப மாதிரியே இருக்கீங்களே!" என்றார்.

அவர் அருளானந்தத்தையும் அறிந்தவர்.

டிசம்பர் 25, திங்கள்

பிறந்த நாள் ஆராதனை. பிறகு கறி.

ஜனவரி 19, வெள்ளி

தை வெள்ளி. செட் பூஜை. கோவளத்துக்கு அப்பால், மணல்மேட்டில்.

இல்காவின் விருப்பத்தின்படி, மறைந்த கலை இயக்குநருக்கு அஞ்சலி. பிரதாபன் அந்தப் புகைப்படத்தையே கொண்டுவந்து மேசையில் வைத்தான், வேறு படம் அவனிடம் இல்லை. வெள்ளை பெயிண்ட் விபூதியைத் தேய்த்து எடுத்திருந்தான், லேசாகத் தடம் இருந்தது. எல்லோரும் இரண்டு நிமிடம் எழுந்து நின்றோம். நான் இரண்டாவது வரிசையில் நின்றேன். கஜபதி என் தோளைத் தட்டி, "நீங்கதான் மொதல்ல பூ போடணும், கூடவே இருந்தவரு" என்றார். போட்டேன்.

ஜெகதலன் காதோரம் வந்து குசுகுசுத்தார்: "சார், இது ஷாட் இல்ல. தேங்கா ஒடைக்கமாட்டானுங்க. நீங்களாவது ஒருதரம் சிரிச்சிருங்க, கழிஞ்சிரும்."

மௌன அஞ்சலி என்பதால் சிரிக்க வசதிப்படவில்லை.

இல்கா பேசினார்: "நான் முப்பத்தொரு வருடமாக ஊர்கள் கட்டுகிறேன். புடாபெஸ்டில் பாரிஸ் கட்டியிருக்கிறேன், மாஸ்கோ கட்டியிருக்கிறேன், பெர்லின் நான்கு முறை. எங்கள் ஊர்த் தெருக்களுக்கு எல்லா ஊர்ப் பெயர்ப்பலகையும் மாட்டியிருக்கிறேன். புடாபெஸ்டைப் புடாபெஸ்டாகக் கட்டச் சொல்லி இதுவரை யாரும் கேட்டதில்லை. இந்த மனிதரைச் சந்திக்க வந்தேன். பத்து நாள் பிந்திவிட்டேன்."

கைதட்டினார்கள். நானும் தட்டினேன்.

பிப்ரவரி 9, வெள்ளி

இருபத்தாறாவது வரிசை. கீழே நின்று பார்த்தால் வானத்துக்குள் போகிறது. அழகாக இருக்கிறது. முதல் முறையாக முழுவதையும் கிட்ட இருந்து பார்க்கிறேன்.

மதியம் நிழலில் உட்கார்ந்து சாப்பிடும்போது இல்கா தானாகவே சொல்லத் தொடங்கினார். இருபத்து நான்கு வயதில், ஒரு பெரிய வடிவமைப்பாளரிடம் உதவியாளராக இருந்தபோது ஒரு படிக்கட்டு வரைந்தாராம். எங்கும் போய்ச் சேராத, ஆனால் போவதாகத் தோன்றும் படிக்கட்டு. படத்தில் எல்லோரும் அதைத்தான் பேசினார்கள். பெரியவர் தன் பெயரைப் போட்டுக்கொண்டார், பரிசும் வாங்கிக்கொண்டார்.

"நீங்கள் என்ன செய்தீர்கள்?" என்றேன்.

"பதினைந்து வருடம் கழித்து என் உதவியாளர்களிடம் அதையே செய்தேன்" என்றார் இல்கா, தயிர்சாதத்தைக் கிளறிக்கொண்டே. "அதனால்தான் எனக்குத் தெரிகிறது. குச்சியை யார் பிடித்தாரோ அவர்தான் கட்டியவர். உங்கள் குருவின் பெயரை நான் தப்பாக உச்சரித்துக்கொண்டிருந்தேன் போலிருக்கிறது. உங்கள் பெயரைச் சொல்லியிருக்க வேண்டும்."

அவர் நல்லவர், எல்லாம் சொல்லிக் கொடுத்தார் என்றேன்.

"அதைத்தான் நானும் அஞ்சலிக் கூட்டங்களில் சொல்வேன்" என்றார்.

ஊறுகாய் உப்புக் கரித்தது.

பிப்ரவரி 20, செவ்வாய்

பிரிக்கும்போது கவனமாக இருக்கவேண்டும் என்று ஜெகதலனிடம் இன்றே சொல்லி வைத்தேன். செட்டைக் கட்டும்போது எல்லோரும் பார்த்துக்கொண்டிருப்பார்கள், பிரிக்கும்போது யாரும் இருக்கமாட்டார்கள். தொண்ணூற்று நான்கில் பிரிக்கும் நாளன்று சாரத்தின் கயிறு அவிழ்ந்து, மேலிருந்து அருளானந்தம் விழுந்தான். மணல்தான், ஆனால் கீழே அச்சுகள் அடுக்கியிருந்தன. நான் ஊட்டியில் இருந்தேன். தயாரிப்பாளர் விஷயம் பெரிதாக வேண்டாம் என்றார். சங்கத்துக்கு ஒரு படிவம் அனுப்பவேண்டியிருந்தது. அனுப்பினேன்.

இதை ரோஸ்லினிடம் சொன்னது தவறு.

"அந்தப் படிவத்துல என்னன்னு எழுதினீங்க?"

"அப்ப இருந்த சூழ்நிலைக்கு..."

"'வேலையை விட்டு ஊருக்குப் போய்விட்டார்'னு எழுதுனீங்க. நாந்தான தபால்ல போட்டேன். அவரு சம்சாரம் சகாயமேரி, அடக்கம் முடிஞ்சப்புறம் ரெண்டு தரம் வந்தா இங்க. கைப்புள்ளையோட. சங்கத்துல போய் உதவிப் பணம் கேட்டா, 'ஒம் புருசன் ஊருக்குப் போயிருக்கான், வந்ததும் வரச்சொல்லு'ன்னு சொல்றாங்கக்கான்னு அழுதா. நான் காப்பி போட்டுக் குடுத்தேன். என்னத்தச் சொல்ல, காப்பிதான் குடுத்தேன்."

"இப்ப எதுக்கு அதெல்லாம்?"

"அவரு பேர வச்சுக்கிட்டு டெய்லி கெளம்பிப் போறீங்களே. அவ இன்னும் எர்ணாவூர்லதான் இருக்கா. அங்க போய் அந்தப் பேரச் சொல்லிக் கதவத் தட்டுங்களேன் பாப்போம்."

சிங்க் குழாய் ஒழுகுகிறது. வாஷர் வாங்கவேண்டும்.

பிப்ரவரி 21, புதன்

வாஷர் வாங்கினேன்.

மார்ச் 12, செவ்வாய்

இன்று நடந்ததை வரிசையாக எழுதுகிறேன்.

காலை பத்தரைக்கு இல்கா அலுவலகத்துக்குக் கூப்பிட்டனுப்பினார். கஜபதியும் பிரதாபனும் இருந்தார்கள். சங்கத்துக்கு அனுப்பவேண்டிய தொழில்நுட்பக் கலைஞர் பட்டியல் மேசையில் இருந்தது. 'உள்ளூர்க் கலை இயக்கம்' என்ற இடத்தில் பிரதாபனின் பெயரை இல்கா தன் கையாலேயே அடித்திருந்தார்.

"பிரதாபனிடம் பேசிவிட்டேன். அவர் இணைக் கலை இயக்குநராக இருப்பார். இந்த இடம் அருளானந்தத்துக்கு. முப்பது வருடம் தாமதம்."

பிரதாபன் என்னைப் பார்த்தான். அந்தப் பார்வை எனக்குப் புரிந்தது. சொல்லுங்க சார், இப்பவாவது சொல்லிருங்க, என் வேல போனாலும் பரவால்ல. உண்மையில் கண் கலங்கியிருந்தான். கெட்டவன் இல்லை.

மார்ச் 31க்கு இன்னும் பத்தொன்பது நாள். எனக்கு வேண்டியிருந்தது அந்த ஒரு வரிதான். அட்டை சட்டைப்பையில் இருந்தது. எடுத்து மேசையில் வைத்து, 'அம்மா, நான்தான் சிகாமணி, நான் சாகவில்லை' என்று சொன்னால் ஒரு நிமிடத்தில் முடிந்துவிடும். வாயையும் திறந்தேன்.

ஆனால் அடுத்த கேள்வி என்னவாக இருக்கும் என்று எனக்குத் தெரியும். 'அப்படியானால் ரோட்டில் உட்கார்ந்தது யார்?' அதற்கடுத்த கேள்வி, 'அவர் இப்போது எங்கே?'

"நம்பர் சொல்லுங்க அண்ணே" என்றார் கஜபதி, பேனாவோடு. "சங்க நம்பர். அட்டை இல்லாட்டியும் பரவால்ல. நீங்க அசிஸ்டெண்ட் லிஸ்ட்ல இருப்பீங்க, புரொடக்‌ஷன் லெட்டர் குடுத்தா டைரக்டர் லிஸ்ட்டுக்கு மாத்திருவாங்க."

"அறுநூற்றுப் பன்னிரண்டு" என்றேன்.

அருளானந்தத்தின் எண் எப்படி ஞாபகம் இருந்தது என்று பிரதாபன் பின்னால் கேட்டான். எண்கள் சில சமயம் அப்படித் தங்கிவிடும் என்றேன்.

கஜபதி அங்கேயே சங்கத்துக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தார். அந்தப் பக்கம் ஒருவர் பழைய பேரேட்டைப் புரட்டும் சத்தம் கேட்டது.

"அறுநூத்திப் பன்னெண்டு... அருளானந்தம்... இருக்காருங்க. தொண்ணூத்தி நாலுல ஊருக்குப் போயிருக்காருன்னு போட்டிருக்கு. வந்துட்டாரா?"

"வந்துட்டாரு, இதோ எதிர்க்கவே ஒக்காந்துருக்காரு" என்றார் கஜபதி.

"நல்லதுங்க. லெட்டர் அனுப்புங்க."

கையெழுத்துப் போடச் சொன்னார்கள். அவன் கையெழுத்து எனக்குத் தெரியும், சம்பளச் சீட்டில் பார்த்திருக்கிறேன். 'அ'வைப் பெரிதாகப் போட்டு மீதியைக் கிறுக்குவான். அப்படியே போட்டேன். இல்கா என் கையைப் பிடித்துக் குலுக்கினார். பென்சில் கரி ஒட்டிக்கொண்டது.

ரோஸ்லினிடம் சொன்னேன். அவள் எனக்குச் சோறு போட்டுவிட்டு, பாயை எடுத்துக்கொண்டு போய் முன்னறையில் படுத்துக்கொண்டாள்.

மார்ச் 22, வெள்ளி

ரோஸ்லின் பேசவில்லை. பத்து நாள். பால் பாக்கெட்டை நானே வாங்குகிறேன்.

மார்ச் 31, ஞாயிறு

ஈஸ்டர். ரோஸ்லின் மட்டும் கோயிலுக்குப் போனாள். அங்கிருந்து எர்ணாவூர் போய்விட்டு வருவதாகப் பக்கத்து வீட்டில் சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள். இருட்டும்வரை வரவில்லை. மதியம் ரசம் வைத்தேன்.

ஏப்ரல் 2, செவ்வாய்

சங்க அலுவலகப் பலகையில் இன்று ஒட்டியிருப்பது:

கலை இயக்குநர்கள். நீக்கம்: எண் 388, ஞா. சிகாமணி, காலமானார். சேர்க்கை: எண் 612, அ. அருளானந்தம், உதவியாளர் பிரிவிலிருந்து மாற்றம். அட்டையை உறுப்பினரின் மனைவி திருமதி சகாயமேரி நேற்று நேரில் வந்து பெற்றுச் சென்றார்.